போகிற ஊரில் பிள்ளைக்கு என்ன வேலை?

மார்ச் மாதம் பாதி கடந்ததும் பள்ளி வாசலில் பேச்சு மாறிவிடும். பரீட்சை அட்டவணையைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தவர்கள், "லீவுக்குப் பிள்ளைங்கள எங்க கூட்டிட்டுப் போறீங்க?" என்று ஆரம்பிப்பார்கள். ஊட்டி, கொடைக்கானல், ஏற்காடு, மூணாறு என்று பெயர்கள் வரிசையாக வரும். எங்கே அறை கிடைக்கும், எந்த ரயிலில் இடம் இருக்கிறது, எந்த ஊரில் வெயில் குறைவு என்று எல்லாவற்றையும் அலசுவோம். நான் அதோடு இன்னொரு கேள்வியும் கேட்பேன்: "அந்த ஊர்ல உங்க பிள்ளைக்கு என்ன வேலை இருக்கு?"

வேலை என்று நான் சொல்வது ஓடுவது, ஏறுவது, நனைவது, தேடுவது, எண்ணுவது, மண்ணைப் பிசைவது, "இது ஏன் இப்படி இருக்கு?" என்று கேட்பது. பெரியவர்களுக்கு ஓர் ஊரைப் பார்த்தால் போதும். மலை விளிம்பில் நின்று பள்ளத்தாக்கைப் பார்த்துக்கொண்டே ஒரு டீ குடித்தால் மனம் நிறைந்துவிடும். ஐந்து வயதுப் பிள்ளை அந்தப் பள்ளத்தாக்கை ஒரு முறை பார்த்துவிட்டு, பக்கத்தில் சோளம் சுடுகிறவரின் அடுப்பை வேடிக்கை பார்க்கப் போய்விடும். அதில் தவறே இல்லை. நெருப்புப் பொறி பறக்கிறது, விசிறி சுழல்கிறது, வாசனை வருகிறது. பிள்ளைக்கு அங்கேதான் ஏதோ நடக்கிறது.

குடும்பத்தோடு வெளியூர் போக இடம் தேடுகிறவர்களுக்கு நான் சொல்ல விரும்புவது இந்த ஒன்றைத்தான். ஊரின் பெயரை அப்புறம் பார்க்கலாம். பிள்ளையின் கைக்கும் காலுக்கும் கண்ணுக்கும் அங்கே என்ன இருக்கிறது என்று முதலில் பாருங்கள். அது தெரிந்துவிட்டால் மற்ற முடிவுகள் எல்லாம் சுலபம்.

ஒரே ஊர், மூன்று வயது

"எங்க வீட்ல ஒருத்தனுக்கு நாலு வயசு, ஒருத்திக்குப் பதினொண்ணு. ரெண்டு பேருக்கும் பிடிக்கிற மாதிரி ஊர் எங்க இருக்கு?" என்று கேட்பவர்களுக்கு நான் உடனே சொல்வது மாமல்லபுரம். என் மகளும் மகனும் அங்கே ஒரே பாறையின் முன்னால் நின்று வெவ்வேறு காரியங்களில் மூழ்கிப்போவதைப் பார்த்திருக்கிறேன்.

அருச்சுனன் தபசு என்று சிலரும் பகீரதன் தபசு என்று சிலரும் சொல்லும் அந்தப் புடைப்புச் சிற்பம் ஏறக்குறைய 30 மீட்டர் நீளப் பாறை. அதன் முன்னால் பிள்ளைகளை நிறுத்தி, "இது பல்லவர் காலத்தது, ஏழாம் நூற்றாண்டு" என்று தொடங்கினால் அவர்கள் கண் வேறு பக்கம் போய்விடும். "இங்க ஒரு பூனை நின்னுக்கிட்டுத் தவம் பண்ணுது, கண்டுபிடி பாக்கலாம்" என்று சொல்லிப் பாருங்கள். இரண்டு கைகளையும் தூக்கிக்கொண்டு நிற்கும் அந்தப் பூனை நிஜமாகவே அங்கே இருக்கிறது. அதன் காலடியில் எலிகள் கும்பிட்டுக்கொண்டு நிற்கின்றன. அடுத்தது, பின்னங்காலால் மூக்கைச் சொறிந்துகொள்ளும் மான். அதற்கடுத்து, பெரிய யானையின் காலுக்கிடையில் எத்தனை குட்டிகள் என்ற எண்ணிக்கை. நாலு வயசுக்காரனுக்கு யானை போதும். எட்டு வயதுக்குத் தேடும் விளையாட்டு வேண்டும். பதினொரு வயதுக்காரி, "பூனை எதுக்கும்மா தவம் பண்ணுது?" என்று கேட்பாள். போலித் தவசியைப் பற்றிய கதையை அங்கேயே உட்கார்ந்து சொல்லலாம். பூனை தவம் செய்தால் எலிகளுக்கு என்ன ஆகும் என்று அவளே யோசித்துச் சிரிப்பாள்.

அங்கிருந்து கொஞ்ச தூரம் நடந்தால் வெண்ணெய் உருண்டைப் பாறை. சரிவில் விழாமல் நிற்கும் அந்தப் பாறையைத் தள்ளிப் பார்க்காத பிள்ளை கிடையாது. பக்கத்துச் சரிவு தலைமுறை தலைமுறையாகச் சறுக்கி விளையாடிய பிள்ளைகளால் வழவழப்பாகிவிட்டது. பழைய அரைக்கால் சட்டை போட்டு அழைத்துப் போங்கள், சறுக்கட்டும். ஐந்து ரதங்களில் பெரிய பிள்ளைகளுக்கு ஒரு நல்ல புதிர் உண்டு. ஒவ்வொரு ரதமும் ஒரே பாறையில் மேலிருந்து கீழாகச் செதுக்கப்பட்டது. சில ரதங்களில் மேற்பகுதி நுணுக்கமாக முடிந்திருக்க, அடிப்பகுதி முடியாமல் கிடப்பதைக் காட்டி, "எந்தப் பக்கத்துல இருந்து ஆரம்பிச்சிருப்பாங்க?" என்று கேட்டால் போதும், விடையை அவர்களே சொல்வார்கள். தொல்லியல் துறையின் கட்டண வளாகங்களில் 15 வயதுக்கு உட்பட்டவர்களுக்கு நுழைவுக் கட்டணம் இல்லை என்பது பெற்றோருக்கு ஒரு கூடுதல் நிம்மதி.

வயதுக்கேற்ற ஊரை எப்படிக் கண்டுபிடிப்பது என்றால், என் கணக்கு சாதாரணமானது. ஐந்து வயது வரை மணலும் தண்ணீரும் விலங்கும் ரயிலும் போதும். ஆறிலிருந்து ஒன்பது வரை தேட, எண்ண, சேர்க்க ஏதாவது இருக்க வேண்டும். பத்து வயதுக்கு மேல் கதையும் காரணமும் கொஞ்சம் பொறுப்பும் கேட்பார்கள். இந்த மூன்றும் ஒரே இடத்தில் இருந்தால் அண்ணன் தம்பி சண்டைக்குக்கூட இடம் குறைகிறது.

வழியும் பயணத்தில் சேர்த்திதான்

பெரியவர்கள் பயணத்தை ஊர் போய்ச் சேர்ந்த பிறகு தொடங்குவதாக எண்ணுகிறோம். பிள்ளைக்கு அது வீட்டு வாசலில் தொடங்கிவிடுகிறது. ஆகவே போகும் வழியையும் சேர்த்தே ஊரைத் தேர்ந்தெடுக்க வேண்டும்.

நீலகிரி மலை ரயிலை எடுத்துக்கொள்ளுங்கள். மேட்டுப்பாளையத்திலிருந்து உதகமண்டலம் வரை 46 கிலோமீட்டர். மேலே ஏறக் கிட்டத்தட்ட ஐந்து மணி நேரம் ஆகிறது. 1899இல் குன்னூர் வரையும் 1908இல் உதகை வரையும் ஓடத் தொடங்கிய இந்த ரயில், 2005இல் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்தது. கல்லாறு தாண்டியதும் செங்குத்தான ஏற்றம் தொடங்கும். அங்கே இரண்டு தண்டவாளங்களுக்கும் நடுவில் பல் வைத்த இன்னொரு இரும்புப் பட்டை ஓடுகிறது. எஞ்சினின் பல்சக்கரம் அதைக் கவ்விக் கவ்வி ஏறுகிறது. இன்னொரு வேடிக்கை, மேலே ஏறும்போது எஞ்சின் பின்னால் இருந்து தள்ளும். "எஞ்சின் ஏன்மா பின்னாடி இருக்கு?" என்ற கேள்வி வராமல் இருக்காது. "பெட்டி எதுவும் நழுவிக் கீழ போயிடாம புடிச்சுக்கத்தான்" என்று சொன்னால் அந்தப் பிள்ளைக்கு அன்றைக்கு அறிவியல் பாடம் முடிந்தது. மொத்தம் 16 குகைகள், 208 வளைவுகள், 250 பாலங்கள். குகைக்குள் நுழையும்போதெல்லாம் பெட்டி முழுவதும் பிள்ளைகள் கூச்சல் போடுவது அந்த ரயிலின் வழக்கம்.

ஆனால் ஐந்து மணி நேரம் ஒரே இருக்கையில் உட்காருவது மூன்று வயதுக் குழந்தைக்குத் தண்டனை. அதற்கும் வழி இருக்கிறது. குன்னூரிலிருந்து உதகை வரை மட்டும் ஏறலாம். வெலிங்டன், அரவங்காடு, கேத்தி, லவ்டேல் என்று அழகான சின்னச் சின்ன நிலையங்களோடு ஒரு மணி நேரத்துக்குக் கொஞ்சம் மேல் ஆகும். நீராவி எஞ்சினும் பல்தண்டவாளமும் வேண்டும் என்கிற பத்து வயதுப் பிள்ளைக்கு மேட்டுப்பாளையத்திலிருந்து ஏறும் முழுப் பயணம், குட்டிக்குக் குன்னூரிலிருந்து. ஐப்பசி, கார்த்திகை மழையில் மண் சரிந்து ரயில் நிற்பதும் உண்டு. அந்த மாதங்களில் பிள்ளைக்கு வாக்குக் கொடுக்கும் முன் ரயில் ஓடுகிறதா என்று பார்த்துவிடுங்கள்.

கொண்டை ஊசி வளைவுகளுக்கும் இதே யோசனை வேண்டும். ஏற்காட்டுக்கு 20, ஆழியாறிலிருந்து வால்பாறைக்கு 40, கொல்லிமலைக்கு 70. வளைவு எண்களை வாசித்துக்கொண்டே போவது பிள்ளைகளுக்கு நல்ல விளையாட்டு, ஆனால் காரில் ஏறினால் குமட்டும் பிள்ளைக்குக் கொல்லிமலை கொடுமை. அப்படிப்பட்ட பிள்ளையை முன்பக்கம் பார்த்து உட்கார வையுங்கள், கைபேசியைக் கொடுக்காதீர்கள், அரை வயிற்றுச் சாப்பாட்டோடு கிளம்புங்கள், வழியில் இரண்டு மூன்று இடங்களில் இறங்கி நடக்க விடுங்கள். அதுவும் முடியாது என்றால் அந்த ஆண்டு சமவெளி ஊர் ஒன்றைத் தேர்ந்தெடுங்கள். மலை எங்கேயும் போய்விடாது.

பள்ளிக்கூட நாள்காட்டியும் ஊரின் நாள்காட்டியும்

நம் பிள்ளைகளுக்கு மூன்று விடுமுறை. செப்டம்பர் கடைசியில் காலாண்டு, டிசம்பர் கடைசியில் அரையாண்டு, ஏப்ரல் கடைசியில் தொடங்கும் முழு ஆண்டு விடுமுறை. நாம் பெரும்பாலும் முழு ஆண்டு விடுமுறையில் மட்டும்தான் கிளம்புகிறோம். அந்த மே மாதத்தில் மலை ஊர்களில் கூட்டம் நெரிகிறது. 2024 மே மாதத்திலிருந்து நீலகிரிக்கும் கொடைக்கானலுக்கும் வெளியூர் வண்டிகள் இ-பாஸ் எடுத்துத்தான் போக வேண்டும். சமவெளியிலோ காலை பத்து மணிக்கே வெயில் சுடுகிறது. என்னைக் கேட்டால், சமவெளி ஊர்களுக்கு அரையாண்டு விடுமுறையைப் போல் நல்ல காலம் இல்லை.

வேடந்தாங்கல் இதற்கு நல்ல உதாரணம். செங்கல்பட்டு மாவட்டத்தில் இருக்கும் அந்த ஏரிக்கு மே மாதம் போனால் வெறும் மரங்களைத்தான் பார்ப்பீர்கள். நவம்பரிலிருந்து பிப்ரவரிக்குள் போனால், ஏரிக்குள் நிற்கும் நீர்க்கடம்பு மரங்களின் கிளை தெரியாத அளவுக்குப் பறவைகள். கரண்டிவாயன், நத்தைகுத்தி நாரை, அரிவாள் மூக்கன், பாம்புத்தாரா, நீர்க்காகம், கூழைக்கடா. இந்தப் பெயர்களைச் சொல்லிக் கொடுத்துப் பாருங்கள். கரண்டி மாதிரி மூக்கு எது, அரிவாள் மாதிரி மூக்கு எது என்று பிள்ளைகள் தானாகவே பிரித்துவிடுவார்கள். பறவையைப் பார்த்துத்தான் நம் ஆட்கள் பெயர் வைத்திருக்கிறார்கள். ஒரு தொலைநோக்கி அவசியம். இருக்கும் பிள்ளைகளுக்குள் சண்டை வராமல் முறை வைத்துக் கொடுங்கள்.

அந்த ஊரில் பெரிய பிள்ளைகளுக்குச் சொல்ல இன்னொரு சங்கதி இருக்கிறது. பறவைகளின் எச்சம் ஏரித் தண்ணீரில் கலந்து, அந்தத் தண்ணீர் வயலுக்குப் பாயும்போது உரமாகிறது. அதனால் அந்த ஊர் விவசாயிகள் அரசாங்கச் சட்டம் வருவதற்குப் பல தலைமுறைக்கு முன்பே பறவைகளைக் காத்து வந்திருக்கிறார்கள். சிவகங்கை மாவட்டத்தில் கொள்ளுக்குடிப்பட்டி மக்கள் பறவைகள் பயந்துவிடும் என்பதற்காகத் தீபாவளிக்குப் பட்டாசே வெடிப்பதில்லை. இதைக் கேட்ட என் மகள் நெடுநேரம் பேசவில்லை. பிறகு, "நம்ம தெருவுல நாய்க்குட்டி பயப்படுதேம்மா" என்றாள். ஊர் சுற்றுவதில் எனக்குப் பிடித்தது இந்த மாதிரி நேரங்கள்தான்.

குற்றாலத்துக்கு ஆனியும் ஆடியும். சாரல் இல்லாத குற்றாலத்தில் பிள்ளைக்கு வேலை இல்லை. சென்னைக் கடற்கரையில் பங்குனி ஆமைக்கு அதன் பெயரிலேயே காலம் இருக்கிறது. ஜனவரி முதல் மார்ச் வரை இரவில் தாய் ஆமைகள் கரையேறி முட்டையிடும். மாணவர்கள் நடத்தும் கடலாமைப் பாதுகாப்புக் குழு இரவு நடைக்குப் பொதுமக்களையும் அழைத்துச் செல்கிறது. முட்டைகளைச் சேகரித்துப் பாதுகாப்பான குழிகளில் வைப்பார்கள். ஒன்றரை மாதத்துக்கு மேல் கழித்துக் குஞ்சுகள் பொரித்து வெளியே வரும். உள்ளங்கை அளவு ஆமைக்குஞ்சு அலையைத் தேடி நகர்வதைப் பார்க்கப் பிள்ளைகள் மணலில் மண்டிபோட்டு உட்கார்ந்துவிடுவார்கள். தொடக்கூடாது, விளக்கடிக்கக்கூடாது என்ற விதியை முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும். காரணம் சொன்னால் பிள்ளைகள் நம்மைவிட நன்றாக விதியைக் காப்பாற்றுவார்கள்.

பழங்காலத்தைப் பிள்ளையின் கையில் கொடுப்பது

"அருங்காட்சியகத்துக்கெல்லாம் பிள்ளைங்க வரமாட்டாங்க" என்று பலர் சொல்கிறார்கள். எந்த அருங்காட்சியகம், எப்படிப் பார்க்கிறோம் என்பதைப் பொறுத்தது அது.

மதுரைக்குப் பக்கத்தில் கீழடி அருங்காட்சியகம் 2023 மார்ச்சில் திறக்கப்பட்டது. கிமு ஆறாம் நூற்றாண்டு வரை பின்னோக்கிப் போகும் ஒரு நகர வாழ்க்கையின் தடயங்கள் அங்கே இருக்கின்றன. பெரியவர்கள் பானை ஓடுகளில் கீறிய எழுத்துகளின் முன்னால் நிற்பார்கள். பிள்ளைகளை முதலில் விளையாட்டுப் பொருள்கள் இருக்கும் இடத்துக்குக் கூட்டிப் போங்கள். பகடைக்காய்கள் இருக்கின்றன, சுடுமண் ஆட்டக்காய்கள் இருக்கின்றன, பானை ஓட்டை உரசி வட்டமாக்கிய சில்லுகள் இருக்கின்றன. நம் தெருவில் பாண்டி ஆட எடுக்கும் அதே மாதிரிச் சில்லு. அவ்வளவு காலத்துக்கு முன்னால் வைகைக் கரையில் ஒரு பிள்ளை விளையாடியிருக்கிறது என்று தெரிந்ததும், அடுத்து உறைகிணற்றையும் மணிகளையும் தக்களியையும் பார்க்க அவர்களுக்கே ஆர்வம் வந்துவிடும். அதன்பிறகு அந்த எழுத்துகளுக்கு வரலாம். 'ஆதன்' என்ற பெயர் ஒரு பானை ஓட்டில் இருக்கிறது. தன் டிபன் பாக்ஸில் பெயர் எழுதிக்கொண்டு போகும் பிள்ளைக்கு அது எதற்கென்று விளக்க வேண்டியதில்லை.

சென்னைக்கு அருகே முட்டுக்காட்டில் 1996இல் திறக்கப்பட்ட தட்சிணசித்ராவும் இப்படித்தான். தென்மாநிலங்களின் பழைய வீடுகளைப் பிரித்துக் கொண்டுவந்து மறுபடி எழுப்பியிருக்கிறார்கள். திண்ணையில் உட்காரலாம், முற்றத்தில் ஓடலாம், மண்பாண்டம் செய்கிறவரிடம் கேட்டுச் சக்கரத்தில் கை வைக்கலாம். எதையும் தொடக்கூடாது என்ற அறிவிப்புப் பலகைகளுக்கு நடுவில் வளர்கிற பிள்ளைகளுக்கு இது பெரிய விடுதலை.

தரங்கம்பாடி பத்து வயதுக்கு மேற்பட்டவர்களுக்கு ஏற்றது. டென்மார்க்கிலிருந்து வந்தவர்கள் 1620இல் கட்டத் தொடங்கிய கோட்டை கடலைப் பார்த்து நிற்கிறது. 1706இல் வந்திறங்கிய சீகன்பால்கு தமிழ் கற்று, அச்சுக்கூடம் வைத்துத் தமிழில் புத்தகம் அச்சிட்ட ஊர் அது. காலையில் கோட்டை, மாலையில் அதே கடற்கரையில் கிளிஞ்சல் பொறுக்குவது. ஒரு நாளைக்கு அது தாராளம். அங்கிருந்து ஒன்றரை மணி நேரப் பயணத்துக்குள் பிச்சாவரம். சுரபுன்னை மரங்களின் வேர்கள் தண்ணீருக்கு மேல் வளைந்து நிற்க, அந்த வேர்களுக்கிடையே துடுப்புப் படகில் போவதைப் பிள்ளைகள் காட்டுக்குள் தெரு என்று நினைத்துக்கொள்வார்கள். 2004 சுனாமியின்போது இந்தக் காடு தனக்குப் பின்னால் இருந்த கிராமங்களுக்குக் கேடயமாக நின்றது என்பதைப் படகில் வைத்தே சொல்லலாம். காலையிலேயே போய்விடுங்கள். உயிர்காப்பு அங்கி போட்டுக்கொண்டு வெயிலில் வேர்ப்பது சின்னவர்களுக்குத் தாங்காது.

விலங்குகளைப் பார்க்கப் போகும்போது

விலங்கென்றால் பிடிக்காத பிள்ளை இல்லை. ஆனால் வண்டலூர் பூங்கா 602 ஹெக்டேர். அதை முழுக்க நடந்து பார்ப்பது பெரியவர்களுக்கே சிரமம். "இன்னிக்கு யானை, நீர்யானை, குரங்கு மட்டும்" என்று மூன்றைப் பிள்ளையே தேர்ந்தெடுக்கட்டும். ஒவ்வொன்றின் முன்னாலும் நிதானமாக நில்லுங்கள். வாய் திறந்து கொட்டாவி விடும் நீர்யானையை ஒரு முறை பார்க்கக் காத்திருந்த பிள்ளைக்கு, நாற்பது கூண்டுகளை ஓடிக் கடந்த பிள்ளையைவிட அதிகம் கிடைத்திருக்கிறது.

வடநெம்மேலி முதலைப் பண்ணை அளவில் சிறியது, அதனாலேயே சின்னப் பிள்ளைகளுக்கு நல்லது. நாட்டில் முதலைகள் அருகிவந்த நேரத்தில், 1976இல் ரோமுலஸ் விட்டேகர் தொடங்கியது. முதலைகள் வாயைப் பிளந்துகொண்டு அசையாமல் கிடக்கும். "பொம்மையா?" என்று கேட்பார்கள். உடல் சூட்டைக் குறைத்துக்கொள்ள அப்படிக் கிடக்கின்றன என்று சொல்லிவிட்டு, கண் சிமிட்டுகிறதா என்று கவனிக்கச் சொல்லுங்கள். அங்கேயே இருளர் கூட்டுறவுச் சங்கத்தினர் பாம்பிலிருந்து விஷம் எடுப்பதைச் செய்து காட்டுகிறார்கள். பாம்புக்கடிக்குப் போடும் மருந்து இந்த விஷத்திலிருந்துதான் தயாராகிறது. பாம்பைப் பிடித்து, விஷம் எடுத்து, மறுபடி காட்டில் விட்டுவிடும் இருளர்களின் அறிவைப் பிள்ளைகள் நேரில் பார்க்க வேண்டும். மரியாதை என்பது இப்படிப் பார்த்து வருவது.

முதுமலை தெப்பக்காடு யானை முகாமில் காலையும் மாலையும் யானைகளுக்குச் சாப்பாடு கொடுப்பார்கள். கேழ்வரகு, கொள்ளு, சோறு, வெல்லம், உப்பு சேர்த்துப் பெரிய பெரிய உருண்டையாகப் பிடித்துப் பாகன் யானையின் வாயில் வைப்பார். அந்த நேரத்தைக் கேட்டுத் தெரிந்துகொண்டு போனால், சாப்பிட அடம்பிடிக்கும் என் மகனைப் போன்ற பிள்ளைகள் வைத்த கண் வாங்காமல் பார்ப்பார்கள்.

வார விடுமுறையை மறந்துவிடாதீர்கள். வண்டலூருக்கும் தட்சிணசித்ராவுக்கும் செவ்வாய், எழும்பூர் அருங்காட்சியகத்துக்கு வெள்ளி, பத்மநாபபுரம் அரண்மனைக்குத் திங்கள். பூட்டிய கதவின் முன்னால் பிள்ளையைச் சமாதானப்படுத்துவது எளிதல்ல.

தண்ணீர் என்றால் கண்டிப்பு

பிள்ளைகளுக்குத் தண்ணீர் இருந்தால் வேறெதுவும் வேண்டாம். அதனால்தான் இதில் மட்டும் நான் விட்டுக்கொடுப்பதே இல்லை. குற்றாலத்தில் பேரருவிக் கூட்டத்துக்குள் சின்னப் பிள்ளையை இழுத்துக்கொண்டு போவதைவிடச் சிற்றருவியும் புலியருவியும் நல்லவை. விழும் தண்ணீரின் வேகம் குறைவு. 2024 மே மாதம் பழைய குற்றாலத்தில் சில நிமிடங்களில் வந்த வெள்ளம் ஒரு சிறுவனைக் கொண்டுபோனது. மலைமேல் பெய்த மழை கீழே நிற்பவர்களுக்குத் தெரியாது. தண்ணீர் கலங்கினாலோ, திடீரென்று இரைச்சல் கூடினாலோ, காவலர் விசில் அடித்தாலோ மறுபேச்சில்லாமல் வெளியே வந்துவிட வேண்டும். ஒகேனக்கல்லில் காவிரியில் நீர் கூடி, பரிசலை நிறுத்திவிட்டார்கள் என்றால் அதற்காக யாரிடமும் கெஞ்ச வேண்டாம். "அடுத்த தடவை வரலாம்" என்று சொல்லிவிட்டு மீன் வறுவல் வாங்கிக் கொடுங்கள்.

நம் கிழக்குக் கரைக் கடலில் இழுப்பு அதிகம். மெரினாவோ மாமல்லபுரமோ, கணுக்கால் வரைதான், அதுவும் கையைப் பிடித்துக்கொண்டு. மணல் வீடு கட்ட ஒரு சின்ன வாளியும் கரண்டியும் எடுத்துப் போனால், கடலுக்குள் போக வேண்டும் என்ற அடம் பாதியாகக் குறைந்துவிடும். வேலை கிடைத்துவிட்டது அல்லவா?

உங்கள் பிள்ளை எப்படிப்பட்ட பிள்ளை?

மற்றவர்களின் பட்டியல் உங்களுக்கு உதவாமல் போவது இந்த இடத்தில்தான். என் மகள் கூட்டத்தில் குதூகலிப்பாள். என் மகனுக்கு உரத்த சத்தம் ஆகாது, ஒலிபெருக்கி அலறும் கேளிக்கைப் பூங்காவில் காதைப் பொத்திக்கொண்டு சுருண்டுவிடுவான். அவனுக்குத் திருவரங்கத்துப் பட்டாம்பூச்சிப் பூங்கா சொர்க்கம். காவிரிக்கும் கொள்ளிடத்துக்கும் நடுவில், செடிகளுக்கிடையில் மெதுவாக நடந்துகொண்டே இருக்கலாம். இரண்டு பேருக்கும் ஒரே நாளில் ஒரே இடம் பொருந்தாவிட்டால், காலை ஒருவருக்கு மாலை ஒருவருக்கு என்று பிரித்துக்கொள்கிறோம். "இப்ப அக்கா நேரம், சாயங்காலம் உன் நேரம்" என்றால் ஐந்து வயதுக்குக்கூடப் புரிகிறது.

கேளிக்கைப் பூங்காவுக்குப் போவதாக இருந்தால் ராட்டினங்களுக்கு உயர வரம்பு உண்டு என்பதை நினைவில் வையுங்கள். வீட்டிலேயே சுவரில் நிறுத்தி அளந்துவிட்டு, எதில் ஏறலாம் எதில் முடியாது என்பதைப் பேசிவிட்டுப் போங்கள்.

தாத்தா பாட்டியும் வருகிறார்கள் என்றால், பிள்ளைக்கு ஓடவும் அவர்களுக்கு உட்காரவும் இடமுள்ள ஊர் வேண்டும். தஞ்சைப் பெரிய கோயிலின் விரிந்த திருச்சுற்றில் மாலை நேரத்தில் இரண்டும் நடக்கும். பெரியவர்கள் மண்டபத்துத் தரையில் சாய்ந்துகொள்ள, பிள்ளைகள் நந்தியைச் சுற்றி ஓடுவார்கள். மறுநாள் காலை அரண்மனைக்குப் போனால், தரங்கம்பாடிக் கரையில் ஒதுங்கிய திமிங்கலத்தின் எலும்புக்கூடு இருக்கிறது. பிள்ளைகள் அதன் நீளத்தை எட்டு வைத்து அளந்து பார்ப்பார்கள். திரும்பும்போது ஒரு தலையாட்டி பொம்மை. தள்ளினாலும் எழுந்து நிற்பது ஏன் என்று வீடு வரை பேசிக்கொண்டு வரலாம்.

முடிவெடுக்கும் இடத்தில் பிள்ளையும் இருக்கட்டும்

ஊரை முழுக்கப் பிள்ளையே தேர்ந்தெடுக்க வேண்டியதில்லை. நாம் செலவையும் தூரத்தையும் பருவத்தையும் பார்த்து இரண்டு மூன்று இடங்களைப் பிரித்து வைத்துவிட்டு, "இந்த மூணுல எது?" என்று கேட்கலாம். வரைபடத்தை விரித்து வைத்து, ஒவ்வோர் ஊரிலும் என்ன இருக்கிறது என்று சொல்லுங்கள். தேர்ந்தெடுத்த பிள்ளை அந்தப் பயணத்தைத் தன்னுடையதாக எடுத்துக்கொள்கிறது. வழியில் வண்டி தாமதமானால்கூட முகம் சுளிப்பதில்லை.

கிளம்பிய பிறகும் ஆளுக்கொரு பொறுப்பு கொடுங்கள். பெரியவளுக்கு டிக்கெட்டும் நேரமும். சின்னவனுக்குத் தண்ணீர் பாட்டில்களை எண்ணுவது. நீலகிரி, கொடைக்கானல் போன்ற இடங்களில் சின்னப் பிளாஸ்டிக் தண்ணீர் பாட்டில்களுக்குத் தடை இருக்கிறது, ஆகவே வீட்டிலிருந்து எடுத்துப் போகும் பாட்டில்களுக்கு உண்மையிலேயே ஒரு பாதுகாவலர் தேவை. ஒரு நாளைக்கு ஒரு பெரிய காரியம், ஒரு சின்னக் காரியம், அவ்வளவுதான். மதியம் இரண்டு மணி நேரம் ஓய்வு. பார்க்காமல் விட்ட இடங்களைப் பற்றி வருத்தப்பட வேண்டாம். அவை அடுத்த முறை வருவதற்கான காரணங்கள்.

செலவு கையைக் கடிக்கிற ஆண்டுகளும் எல்லார் வீட்டிலும் உண்டு. அப்போது வெளியூர் போகாவிட்டால் பிள்ளைக்கு ஒன்றும் குறைந்துவிடாது. சென்னையில் கோட்டூர்புரத்து அண்ணா நூற்றாண்டு நூலகத்திலும், மதுரையில் 2023இல் திறந்த கலைஞர் நூற்றாண்டு நூலகத்திலும் குழந்தைகளுக்கென்று தனித் தளமே இருக்கிறது. கட்டுச்சோறு எடுத்துக்கொண்டு காலையில் போனால் மாலை வரை பொழுது போகும். கோட்டூர்புரத்திலேயே பிர்லா கோளரங்கம், திருச்சியிலும் ஒரு கோளரங்கம். டவுன் பஸ்ஸில் போய் வானத்தைப் பார்த்துவிட்டு வரலாம். பாட்டி ஊரில் ஒரு வாரம் இருந்தால் அதைவிடப் பெரிய சுற்றுலா வேறில்லை. அங்கே கிணற்றடியில், மாட்டுக் கொட்டிலில், வாய்க்காலில் பிள்ளைக்கு நாள் முழுக்க வேலை இருக்கிறது.

கடைசியாக ஒரு வேண்டுகோள். ஒவ்வோர் ஆண்டும் புது ஊரையே தேடாதீர்கள். பிள்ளைக்குப் பிடித்துப்போன ஊர் ஒன்றை எடுத்துக்கொண்டு, சில ஆண்டுகளுக்கு ஒரு முறை அங்கேயே போங்கள். ஐந்து வயதில் பறவையை எண்ணிய ஏரிக்கரையில் ஒன்பது வயதில் அதன் பெயரைச் சொல்லும். பதின்மூன்று வயதில், மழை குறைந்த ஆண்டில் பறவைகள் ஏன் வரவில்லை என்று கவலைப்படும். அந்தக் கவலை வந்த பிள்ளைக்கு ஏரி சொந்தமாகிவிட்டது என்று பொருள். நம் ஊர்களையும் நீர்நிலைகளையும் கோட்டைகளையும் நாளைக்குக் காப்பாற்றப் போகிறவர்கள், அங்கே ஒரு விடுமுறை நாளைச் சந்தோஷமாகக் கழித்த பிள்ளைகள்தான். வருகிற விடுமுறைக்கு டிக்கெட் போடும் முன் இன்று இரவே வரைபடத்தை விரித்து, பிள்ளையைப் பக்கத்தில் உட்கார வையுங்கள்.